வாங்கிய விளையாட்டைத் தம்பிக்குக் கொடுக்க முடியுமா? – கைமாறும் உரிமையின் கதை



பள்ளி விடுமுறை நெருங்கும் வேளையில் பெற்றோர் சிலர் ஆசிரியர்களிடம் கேட்கும் வினா ஒன்றுண்டு. "மூத்தவன் படிவம் ஐந்தை முடித்துவிட்டான். அவனுக்கு வாங்கிக் கொடுத்த கணினி விளையாட்டுகள் பத்துப் பதினைந்து இருக்கின்றன. இனி அவன் விளையாடப் போவதில்லை. அவற்றைத் தம்பியின் கணக்கிற்கு மாற்றிவிடலாமா, ஐயா?"

எளிய வினாதான். சட்டை சிறுத்துவிட்டால் தம்பிக்குப் போகிறது. மிதிவண்டியும் போகிறது. பாடநூலும் அகராதியும் போகின்றன. விளையாட்டு மட்டும் ஏன் போகக்கூடாது? ஆனால், இவ்வினாவிற்குரிய விடை பெற்றோரை வியக்க வைக்கும். பெரும்பாலான நிறுவனங்களின் விதிப்படி, ஒரு கணக்கில் வாங்கிய மின்விளையாட்டை இன்னொரு கணக்கிற்கு நிலையாக மாற்ற முடியாது. சில வரம்புகளுக்கு உட்பட்டுப் பகிர்ந்துகொள்ள மட்டுமே முடியும்.

இந்நிலை ஒரே நாளில் வந்ததன்று. இதற்குப் பின்னால் நூறாண்டுக்கு மேற்பட்ட ஒரு வரலாறு இருக்கிறது. அவ்வரலாற்றை அறிந்தால், பேராக் மாநிலத்தின் தோட்டப்புறங்களில் வாழ்ந்த நம் முன்னோரின் வாழ்க்கையில் ஏற்கெனவே ஒரு முறை நாம் கண்ட சிக்கல் இது என்பதும் விளங்கும். அதனை இக்கட்டுரையின் பிற்பகுதியில் விளக்குகிறேன்.

கைமாறிய காலம்

கோலியும் பம்பரமும் ஐந்தாங்கல்லும் ஆடிய காலத்தில், விளையாட்டுப் பொருள் யார் கையில் இருக்கிறதோ அவருடையது என்பதே வழக்கு. தோற்றவனின் கோலி வென்றவனின் பைக்குள் போகும். அதற்கு எவருடைய இசைவும் தேவைப்பட்டதில்லை.

தொண்ணூறுகளில் மின்விளையாட்டு நம் வீடுகளுக்குள் நுழைந்தபோதும் இவ்வழக்கு மாறவில்லை. அக்காலத்தில் நம் நாட்டில் பலரும் அறிந்திருந்த கருவி 'மைக்ரோ ஜீனியஸ்'. ஜப்பானின் நிண்டெண்டோ நிறுவனம் 1983-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'ஃபேமிகாம்' கருவியைப் பின்பற்றித் தைவானில் உருவாக்கப்பட்டது அது. விளையாட்டு ஒரு நெகிழிப் பேழைக்குள் இருக்கும். பேழையைக் கருவியில் செருகினால் விளையாட்டு வரும். பக்கத்து வீட்டுப் பையனிடம் ஒரு பேழையைக் கொடுத்து வேறொன்றை வாங்கி வருவார்கள். ஒரு பேழை தெரு முழுவதும் சுற்றிவிட்டு மாதம் கழித்து வீடு திரும்பும். சில வேளைகளில் திரும்பாமலும் போகும்.

இப்படிக் கைமாற்றுவதற்குச் சட்டத்தின் துணையும் இருந்தது. படைப்பின் உரிமை வேறு, படியின் உடைமை வேறு என்பது பதிப்புரிமைச் சட்டத்தின் பழைய கொள்கை. ஒரு நூலை அச்சிட்டு வெளியிடும் உரிமை எழுத்தாளரிடமும் பதிப்பகத்திடமும் இருக்கும். ஆனால், நாம் பணம் கொடுத்து வாங்கிய அந்த ஒரு படி நம்முடையது. அதைப் படிக்கலாம், இரவல் கொடுக்கலாம், பழைய புத்தகக் கடைக்கு விற்கலாம், பேரனுக்கு வைத்துவிட்டும் போகலாம். நகலெடுத்து விற்பது மட்டுமே குற்றம்.

இக்கொள்கையை அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1908-ஆம் ஆண்டில் தெளிவாக உறுதிப்படுத்தியது. பாப்ஸ்-மெரில் என்னும் பதிப்பகம் தன் நாவல் ஒன்றில், 'ஒரு டாலருக்குக் குறைவாக இதை விற்கக்கூடாது' என்று அச்சிட்டிருந்தது. நியூயார்க்கின் மேசிஸ் அங்காடி அதை 89 சென்ட்டுக்கு விற்றது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. முதல் விற்பனையோடு அந்தப் படியின் மீது பதிப்பகத்திற்குள்ள கட்டுப்பாடு முடிந்துவிடுகிறது என்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நூலின் உள்ளே அச்சிட்ட ஓர் அறிவிப்பால் வாங்கியவரின் கையைக் கட்ட முடியாது என்பதே அதன் பொருள்.

மின்விளையாட்டிற்கும் இக்கொள்கை பொருந்துமா என்ற கேள்வி ஜப்பானில் எழுந்தது. பழைய விளையாட்டு வட்டுகளைக் கடைகள் விற்பதைத் தடுக்க விளையாட்டு நிறுவனங்கள் வழக்குத் தொடுத்தன. 2002-ஆம் ஆண்டு ஏப்ரலில் ஜப்பானிய உச்ச நீதிமன்றம் கடைகளின் பக்கம் தீர்ப்பளித்தது. வாங்கிய வட்டை மறுபடியும் விற்கலாம் என்பது அங்கே உறுதியானது.

பொருள் மறைந்த கதை

ஆனால், அத்தீர்ப்பு வந்த காலத்திலேயே விளையாட்டு தன் உடலை இழக்கத் தொடங்கியிருந்தது.

இதற்கு ஒரு முன்னோடி நிகழ்வைச் சொல்லலாம். 1986-இல் நிண்டெண்டோ ஜப்பானியக் கடைகளில் ஓர் எழுது பொறியை வைத்தது. சிறுவர்கள் தம் வட்டைக் கொண்டு சென்று 500 யென் கொடுத்தால், பழைய விளையாட்டை அழித்துவிட்டுப் புதிய விளையாட்டை அதில் எழுதித் தருவார்கள். விளையாட்டு என்பது பொருளன்று, பொருளின் மேல் எழுதப்படும் தரவு என்பதை அன்றே அப்பொறி காட்டியது. எனினும், எழுதிய பின் அந்த வட்டு சிறுவனின் கையில்தான் இருந்தது. நண்பனிடம் கொடுக்க முடிந்தது.

2003-ஆம் ஆண்டு செப்டம்பரில் அமெரிக்காவின் வால்வ் நிறுவனம் 'ஸ்டீம்' என்னும் இணையச் சேவையைத் தொடங்கியது. மறு ஆண்டு நவம்பரில் 'ஹாஃப்-லைஃப் 2' என்னும் விளையாட்டு வெளிவந்தது. கடையில் பெட்டியாக வாங்கியவர்களும் ஸ்டீமில் ஒரு கணக்கைத் திறந்து, விளையாட்டை அக்கணக்கோடு பிணைத்த பின்னரே விளையாட முடிந்தது. பிணைத்த பிறகு வட்டை நண்பனிடம் கொடுத்தாலும் அவனுக்குப் பயனில்லை. வட்டு வெறும் நெகிழித் துண்டாகிவிட்டது. விளையாட்டு கணக்கிற்குள் சென்றுவிட்டது. இது ஒரு பெரிய திருப்பம்.

நிறுவனங்கள் ஏன் இவ்வாறு செய்தன? அவர்களின் பக்கத்தையும் நாம் நேர்மையோடு பார்க்க வேண்டும். நம் நாட்டு இரவுச் சந்தைகளில் சில வெள்ளிக்குக் கள்ள வட்டுகள் விற்கப்பட்டதை மறந்திருக்க மாட்டீர்கள். அதைக் கட்டுப்படுத்தவே 2000-ஆம் ஆண்டில் ஒளிவட்டுச் சட்டம் என்றே ஒரு தனிச் சட்டம் இயற்றப்பட்டது. நகலெடுப்பைத் தடுக்க விளையாட்டைக் கணக்கோடு பிணைப்பது ஒரு வழியாக இருந்தது. இன்னொரு காரணமும் உண்டு. பழைய புத்தகம் கசங்கும், மஞ்சளிக்கும். மின்விளையாட்டின் படி தேய்வதே இல்லை. பத்துப் பேர் கை மாறினாலும் அது புதியதாகவே இருக்கும். அதைத் தடையின்றி மறுவிற்பனை செய்யவிட்டால் புதியதை யார் வாங்குவார்கள் என்பது விளையாட்டை உருவாக்கியோரின் அச்சம். அவ்வச்சத்தை முற்றிலும் தவறென்று சொல்லிவிட முடியாது.

மற்ற நிறுவனங்களும் இவ்வழியில் சென்றன. 2006-இல் நிண்டெண்டோ தன் 'வீ' கருவிக்கு இணையக் கடை ஒன்றைத் திறந்தது. அங்கு வாங்கிய விளையாட்டுகள் அந்த ஒரு கருவியோடு கட்டுண்டவை. 2012-இல் அடுத்த கருவி வந்தபோது பழையதிலிருந்து புதியதிற்கு மாற்ற வழி தந்தார்கள். ஆனால் அது ஒருவழிப் பாதை. மாற்றியவை பழைய கருவிக்குத் திரும்பா. 2019-ஆம் ஆண்டு ஜனவரியில் அந்த 'வீ' கடையே மூடப்பட்டது.

சோனியின் 'பிளேஸ்டேசன் 3' சற்றுத் தாராளமாக இருந்தது. ஒரு கணக்கில் வாங்கிய விளையாட்டை ஐந்து கருவிகளில் இயக்கலாம் என்றிருந்தது. நண்பர்கள் ஐவர் சேர்ந்து ஆளுக்குக் கொஞ்சம் பணம் போட்டு ஒரு விளையாட்டை வாங்கிப் பகிர்ந்துகொண்டார்கள். 2011-ஆம் ஆண்டு நவம்பர் 18 முதல் ஐந்து என்பது இரண்டாகக் குறைக்கப்பட்டது. பகிர்வின் அளவை நிர்ணயிப்பவர் வாங்கியவர் அல்லர் என்பது அன்று பலருக்கும் விளங்கியது.

2013 ஜூன்: திரும்பப் பெற்ற முடிவு

இவ்வரலாற்றில் மக்களின் குரல் எடுபட்ட ஒரு மாதம் உண்டு. அது 2013 ஜூன்.

மைக்ரோசாப்ட் நிறுவனம் 'எக்ஸ்பாக்ஸ் ஒன்' கருவியை அறிமுகப்படுத்தியபோது புதிய விதிகளை அறிவித்தது. வட்டில் வாங்கிய விளையாட்டும் கணக்கோடு பிணைக்கப்படும். 24 மணி நேரத்திற்கு ஒரு முறை கருவி இணையத்தோடு தொடர்புகொள்ள வேண்டும். ஒரு விளையாட்டை நண்பருக்குக் கொடுக்கலாம். ஆனால், ஒரே ஒரு முறைதான் கொடுக்க முடியும். அவர் குறைந்தது 30 நாள் நம் நண்பர் பட்டியலில் இருந்திருக்க வேண்டும்.

எதிர்ப்பு கிளம்பியது. சில நாள்களிலேயே போட்டி நிறுவனமான சோனி ஒரு குறும்படத்தை வெளியிட்டது. பிளேஸ்டேசன் 4-இல் விளையாட்டைப் பகிர்வது எப்படி என்று விளக்கும் படம் அது. ஒருவர் வட்டை இன்னொருவரிடம் நீட்டுகிறார். அவர் நன்றி சொல்லிப் பெற்றுக்கொள்கிறார். அவ்வளவே! அரை நிமிடம்கூட இல்லாத அப்படம் உலகெங்கும் பரவியது. ஜூன் 19-ஆம் நாள் மைக்ரோசாப்ட் தன் விதிகளைத் திரும்பப் பெற்றது.

இதில் ஒரு நுட்பமான செய்தியைக் கவனிக்க வேண்டும். அன்று கைவிடப்பட்ட திட்டத்தில் ஒரு நல்ல பகுதியும் இருந்தது. குடும்பத்தினர் பத்துப் பேர் வரை ஒருவரின் விளையாட்டுத் தொகுப்பைப் பகிர்ந்துகொள்ளலாம் என்பதே அது. பிணைப்பை நீக்கியபோது பகிர்வும் சேர்ந்து நீங்கிவிட்டது. வட்டுக்கு இருந்த பழைய சுதந்திரம் காப்பாற்றப்பட்டது. பதிவிறக்கம் செய்யும் விளையாட்டோ கணக்கிற்குள்ளேயே நின்றுவிட்டது.

குடும்பம் என்னும் வேலி

அதன் பின்னர் நிறுவனங்கள் கண்டுபிடித்த நடுவழிதான் 'குடும்பப் பகிர்வு'. விளையாட்டு உரிமையாளரின் கணக்கிலேயே இருக்கும். குடும்பத்தார் அதைப் பயன்படுத்தலாம்.

ஸ்டீம் 2014-இல் இதைத் தொடங்கியது. அப்போதைய முறையில் ஒரு பெரிய குறை இருந்தது. அண்ணனின் தொகுப்பில் நூறு விளையாட்டுகள் இருந்தாலும், அவன் அவற்றுள் ஒன்றை ஆடத் தொடங்கினால் தம்பி மற்ற எதையும் ஆட முடியாது. ஒரு நூல் இரவல் போனால் நூலகம் முழுவதையும் பூட்டுவது போன்றது அது. பத்தாண்டுக்குப் பிறகு, 2024 செப்டம்பரில் முழுமையாக நடப்புக்கு வந்த புதிய முறை இக்குறையைப் போக்கியது. ஒரே வீட்டைச் சேர்ந்த ஆறு பேர் வரை ஒரு குடும்பமாக இணையலாம். ஆளுக்கொரு விளையாட்டை ஒரே நேரத்தில் ஆடலாம். ஒரே விளையாட்டை இருவர் ஒரே நேரத்தில் ஆட வேண்டுமானால் இரண்டு படிகள் வாங்கியிருக்க வேண்டும்.

ஆனால், வேலிகள் உள்ளன. சில விளையாட்டுகளை அவற்றின் வெளியீட்டாளர்கள் பகிர்வில் சேர்க்க விடுவதில்லை. ஒரு குடும்பக் குழுவில் இணைந்த பெரியவர் விலகினால், இணைந்த நாளிலிருந்து ஓராண்டு நிறைந்த பிறகே வேறு குழுவில் சேர முடியும். காலியான இடத்திற்கும் ஓராண்டுக் காத்திருப்பு உண்டு. முக்கியமான இன்னொன்று: நம் விளையாட்டை இரவல் பெற்றுத் தம்பி ஏமாற்று வழியில் ஆடித் தடை செய்யப்பட்டால், அவ்விளையாட்டின் உரிமையாளரான அண்ணனுக்கும் தடை விழும்.

நிண்டெண்டோ 2025 ஏப்ரல் இறுதியில் 'மெய்நிகர் விளையாட்டு அட்டை' என்னும் முறையைக் கொண்டுவந்தது. பதிவிறக்கம் செய்த விளையாட்டைப் பழைய பேழையைப் போலவே ஒரு கருவியிலிருந்து 'வெளியே எடுத்து' இன்னொரு கருவியில் 'செருகலாம்'. குடும்பக் குழுவில் உள்ள ஒருவருக்கு 14 நாள் இரவல் கொடுக்கலாம். கொடுக்கும் நேரத்தில் இரு கருவிகளும் அருகருகே இருக்க வேண்டும். 14 நாள் முடிந்ததும் விளையாட்டு தானாகவே உரியவரிடம் திரும்பிவிடும். பள்ளி நூலகத்தில் நாம் இரண்டு வாரத்திற்கு நூல் இரவல் கொடுப்பது நினைவுக்கு வருகிறதல்லவா? நாற்பதாண்டுக்கு முன் சிறுவர்கள் தெருவில் செய்ததை, கணினி நுட்பம் பலவற்றைத் துணைக்கொண்டு, குடும்பத்திற்குள் மட்டும் மீண்டும் அனுமதித்திருக்கிறார்கள்.

நிற்க. கைப்பேசிகளிலும் இதே நிலைதான். ஆப்பிள் 2014-லும் கூகுள் 2016-லும் குடும்பப் பகிர்வைக் கொண்டுவந்தன. ஆனால், கூகுளின் குடும்ப நூலகத்தில் முழு விளையாட்டைப் பகிரலாமே தவிர, விளையாட்டிற்குள் வாங்கும் உடை, ஆயுதம், வைரம் முதலியவற்றைப் பகிர முடியாது. நம் பிள்ளைகள் பெரும்பாலும் பணம் செலவிடுவது இவற்றில்தான் என்பதைப் பெற்றோர் அறிவர்.

நீதிமன்றப் படிகளில்

'வாங்கியது நம்முடையதன்றோ?' என்று பயனீட்டாளர்கள் நீதிமன்றங்களிலும் கேட்டுப் பார்த்தார்கள்.

செருமனியின் உச்ச நீதிமன்றம் 2010-இல், ஸ்டீம் கணக்கை மாற்றிக் கொடுக்கக்கூடாது என்னும் விதி செல்லும் என்றது. 2012-இல் ஐரோப்பிய நீதிமன்றம் வேறொரு வழக்கில், பதிவிறக்கம் செய்த கணினி மென்பொருளின் உரிமத்தை மறுவிற்பனை செய்யலாம் என்று கூறியபோது நம்பிக்கை பிறந்தது. பிரான்சின் பயனீட்டாளர் சங்கமான 'யு.எஃப்.சி. கே சுவாசீர்' 2015-இல் வால்வ் மீது வழக்குத் தொடுத்தது. 2019 செப்டம்பரில் பாரிஸ் நீதிமன்றம் சங்கத்தின் பக்கம் தீர்ப்பளித்தது. விளையாட்டை மறுவிற்பனை செய்வதைத் தடுக்க முடியாது என்று அது கூறியது. ஆனால், அதே ஆண்டு டிசம்பரில் ஐரோப்பிய நீதிமன்றம் மின்னூல்களுக்கு மறுவிற்பனை உரிமை இல்லை என்றது. 2022 அக்டோபரில் பாரிஸ் மேல்முறையீட்டு நீதிமன்றம் வால்வ் தொடர்பான தீர்ப்பையும் மாற்றிவிட்டது. விளையாட்டு என்பது வெறும் மென்பொருளன்று. அதில் இசை, ஓவியம், கதை ஆகியன சேர்ந்துள்ளன. ஆகவே மென்பொருளுக்குரிய விதி அதற்குப் பொருந்தாது என்பது அதன் வாதம்.

இறந்த பிறகு என்னவாகும்? 2024 மே மாதத்தில் பயனர் ஒருவர் தம் கணக்கை உயில் மூலம் எழுதிவைக்க முடியுமா என்று ஸ்டீமிடம் கேட்டார். முடியாது என்று விடை வந்தது. உலகச் செய்தியாக அது பேசப்பட்டது. 'ஜி.ஓ.ஜி.' என்னும் போலந்து நாட்டு விளையாட்டுக் கடை மட்டும், உரிய நீதிமன்ற ஆணை இருந்தால் மாற்றிக் கொடுக்க முயல்வதாகக் கூறியது.

சட்டம் வேறு வகையில் ஓர் அடி முன்னேறியது. அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் 2024 செப்டம்பரில் ஒரு சட்டம் இயற்றியது. 2025 ஜனவரி 1 முதல் அது நடப்பில் உள்ளது. நிறுவனம் பின்னாளில் பறித்துக்கொள்ளக்கூடிய மின்பொருளை விற்கும்போது, அது உரிமம்தான் என்பதைத் தெளிவாகச் சொல்லாமல் 'வாங்குக' என்னும் சொல்லைப் பயன்படுத்தக்கூடாது என்பது அதன் சாரம். 2024 அக்டோபரிலேயே ஸ்டீம் தன் கடைப் பக்கத்தில், நீங்கள் பெறுவது உரிமம் என்ற குறிப்பைச் சேர்த்துவிட்டது. நம் நாட்டின் பதிப்புரிமைச் சட்டம் 1987-ஆம் ஆண்டினது. நூலும் ஒலிநாடாவும் பேழையும் கையால் கைமாறிய காலத்தில் எழுதப்பட்டது அது.

லயத்து வீடு கற்பித்த பாடம்

உடைமை, உரிமம் என்னும் இரு சொற்களின் வேறுபாட்டை நம் சமுதாயம் ஏட்டில் படித்து அறிந்ததன்று. பால்மரக் காட்டில் வாழ்ந்து அறிந்தது.

ஈப்போவைச் சுற்றியும் சுங்கை சிப்புட், கோலகங்சார், பத்து காஜா வட்டாரங்களிலும் இருந்த தோட்டங்களை எண்ணிப் பாருங்கள். லயத்து வீட்டில் மூன்று தலைமுறை வாழ்ந்த குடும்பங்கள் உண்டு. முன்புறத்தில் முருங்கை நட்டார்கள். பின்புறத்தில் கோழி வளர்த்தார்கள். சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள். பிள்ளைகள் அங்கேயே பிறந்தார்கள். பெரியவர்கள் அங்கேயே கண்ணை மூடினார்கள். பேச்சு வழக்கில் அது 'எங்கள் வீடு'தான். ஆனால், வீடு தோட்டத்து நிர்வாகத்திற்குரியது. வேலை இருக்கும் வரை வீடு இருக்கும். வேலை நின்றால் வீட்டையும் விட வேண்டும். மகனும் அத்தோட்டத்தில் பெயர் பதிந்திருந்தால் குடும்பம் தொடரும். இல்லையேல் தகப்பன் வாழ்ந்த வீட்டை மகனுக்கு விட்டுச் செல்ல வழியில்லை.

இவ்வேறுபாடு பலருக்கு உறைத்தது தோட்டம் கைமாறிய நாளில்தான். பெரிய தோட்டங்கள் துண்டு துண்டாக விற்கப்பட்ட கொடுமை ஐம்பதுகளில் தொடங்கியது. 1951 முதல் 1960 வரை நடந்த இத்துண்டாடலைப் பேராசிரியர் உங்கு அசிஸ் விரிவாக ஆய்ந்திருக்கிறார். தோட்டத்தை விற்றவரும் வாங்கியவரும் கையொப்பமிட்டார்கள். அங்கு வாழ்ந்தவரிடம் ஒரு சொல் கேட்கவில்லை. கேட்க வேண்டிய கட்டாயமும் இல்லை. ஏனெனில் அவரிடம் இருந்தது குடியிருக்கும் அனுமதி மட்டுமே. பிற்காலத்தில் செம்பனைக்காகவும் வீடமைப்புக்காகவும் தோட்டங்கள் அழிக்கப்பட்டபோதும் இக்கதை தொடர்ந்தது.

அக்காலத்தில் சுங்கை சிப்புட் தந்த தலைவர் துன் வீ.தி. சம்பந்தன் ஒரு வழி கண்டார். 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தொழிலாளர்கள் பத்துப் பத்து வெள்ளியாகப் பங்குத்தொகை செலுத்தினார்கள். கூலியாக உழைத்த தோட்டத்திற்கே பங்குதாரராகலாம் என்பது அதன் அடிப்படை. கெடாவிலுள்ள புக்கிட் சீடிம் தோட்டம் அச்சங்கம் வாங்கிய முதல் தோட்டம். அனுமதியில் வாழ்ந்தவர்களை உடைமையாளர்களாக்க எடுத்த முயற்சி அது.

வீட்டை இழப்பதும் விளையாட்டை இழப்பதும் ஒன்றல்ல. ஒன்று வாழ்க்கை, மற்றொன்று பொழுதுபோக்கு. இரண்டையும் ஒரே தராசில் வைப்பது முன்னோரின் துன்பத்தைச் சிறுமைப்படுத்துவதாகும். ஆனால், பாடம் ஒன்றுதான். 'என்னுடையது' என்று நாம் சொல்லும் பொருளை நம்மால் இன்னொருவருக்குக் கொடுக்க முடியவில்லையென்றால், அது உள்ளபடியே நம்முடையதன்று. வேறொருவர் வகுத்த விதிக்குள் பயன்படுத்த விடப்பட்டிருக்கிறோம். அவ்விதி ஐந்திலிருந்து இரண்டாகக் குறையலாம். கடையே மூடப்படலாம். இதை முன்கூட்டியே அறிந்து பணம் கொடுப்பவன் ஏமாறுவதில்லை.

இன்று நம் பிள்ளைகள் 'வாங்கும்' பொருள்களில் மின்னூல், பாடல், படம், விளையாட்டு எனப் பெரும்பகுதி இவ்வகையைச் சேர்ந்தவை. தாத்தாவின் லயத்து வீட்டுக் கதையைக் கேட்டிராத பிள்ளை, அதே பாடத்தைக் கைப்பேசித் திரையில் முதன்முதலாகப் படிக்கப் போகிறது. அதற்கு முன் நாம் சொல்லிக் கொடுப்பது நம் கடமை.

வீட்டிலும் வகுப்பிலும் செய்யத்தக்கவை

1. பிள்ளைக்கு விளையாட்டு வாங்கும் முன் மூன்று கேள்விகளைக் கேளுங்கள். இதைத் தம்பி தங்கையோடு பகிர முடியுமா? இன்னொரு கருவிக்குக் கொண்டுபோக முடியுமா? விற்க முடியுமா? மூன்றுக்கும் இல்லை என்பது விடையானால், அதற்கேற்ற விலைதானா என்று எண்ணிப் பாருங்கள்.

2. பேழையாகவோ வட்டாகவோ கிடைப்பதைத் தேர்ந்தெடுத்தால் பின்னாளில் கைமாற்றலாம். ஆனால், உறையை ஊன்றிப் படியுங்கள். 2025-இல் வந்த நிண்டெண்டோவின் புதிய கருவிக்கான அட்டைகள் சிலவற்றில் விளையாட்டு இருப்பதில்லை. பதிவிறக்கம் செய்வதற்கான திறவுகோல் மட்டுமே இருக்கும். அவ்வட்டையைக் கைமாற்றலாம், ஆனால் விளையாட இணையக் கடையின் துணை வேண்டும்.

3. குடும்பக் குழுவைத் தொடக்கத்திலேயே முறையாக அமையுங்கள். ஆளுக்கொரு கணக்கு இருக்கட்டும். பெற்றோர் மேலாளராக இருங்கள். யாரைக் குழுவில் சேர்ப்பது என்பதை அவசரத்தில் முடிவு செய்யாதீர்கள். ஓராண்டுக் காத்திருப்பை மறக்க வேண்டா.

4. பகிர்வு என்று சொல்லிக் கடவுச்சொல்லைக் கொடுக்கும் வழக்கத்தைத் தடுங்கள். பள்ளித் தோழனிடம் கொடுத்த கடவுச்சொல் அவனோடு நிற்பதில்லை. கணக்கையே விலைக்கு வாங்குவதும் விற்பதும் பெரும்பாலான நிறுவனங்களின் விதிகளுக்கு மாறானது. விற்றவன் தன் பழைய மின்னஞ்சலைக் காட்டிக் கணக்கை மீட்டுக்கொண்டால், வாங்கிய பிள்ளை யாரிடம் போய் முறையிடும்?

5. ஆசிரியர்களுக்கு ஒரு பரிந்துரை. ஐந்தாம், ஆறாம் ஆண்டு மாணவர்களிடம் ஒரு தாளை இரு பத்திகளாகப் பிரிக்கச் சொல்லுங்கள். 'நான் பிறருக்குக் கொடுக்கக்கூடியவை' என ஒரு பத்தி. 'நான் பயன்படுத்த மட்டும் கூடியவை' என இன்னொரு பத்தி. தம்மிடம் உள்ள பொருள்களை அவர்களே பிரித்து எழுதட்டும். பிறகு வீட்டிற்குச் சென்று, தாத்தா பாட்டியிடம் அவர்கள் இளமையில் வாழ்ந்த வீடு எந்தப் பத்தியில் வரும் என்று கேட்டு வரச் சொல்லுங்கள். நன்னெறிக் கல்வி, வரலாறு, கணினி அறிவு மூன்றும் ஒரே பாடவேளையில் கைகூடும்.

தொடக்கத்தில் கூறிய தாயின் வினாவிற்கு இன்றைய விடை இதுதான்: அண்ணனின் விளையாட்டுகளைத் தம்பியின் கணக்கிற்கு மாற்ற இயலாது. இருவரையும் ஒரு குடும்பக் குழுவில் இணைத்தால், இசைவளிக்கப்பட்டவற்றைத் தம்பி ஆடலாம். அண்ணன் தன் கணக்கைக் கவனமாகக் காக்க வேண்டும். ஏனெனில் அவன் கணக்கு போனால் தம்பியின் விளையாட்டும் போகும்.

இந்த விடை நாளை மாறலாம். 1960-இல் தோட்டத் தொழிலாளர்கள் ஒன்றுகூடிப் பத்து வெள்ளி கட்டியதால் சில தோட்டங்கள் அவர்களுடையவை ஆயின. 2013-இல் விளையாடுவோர் ஒன்றுகூடிக் குரல் கொடுத்ததால் ஒரு பெருநிறுவனம் தன் விதியைத் திரும்பப் பெற்றது. கேட்டவர்களுக்கே கிடைத்தது. கேட்பதற்கு முதலில் நம்மிடம் இல்லாதது எது என்று தெரிந்திருக்க வேண்டும். அதைப் பிள்ளைகளுக்குத் தெரிவிப்போம்.